தி பிளைண்ட் சைட்: ஒரு லைன்மேன், இரண்டு புத்தகங்கள், ஒரு படம்

2010-ல் இங்கே ஒரு படத்தைப் பத்தி எழுதியிருந்தேன். சான்ட்ரா புல்லக் நடிச்ச ‘தி பிளைண்ட் சைட்’. கண்டிப்பா குடும்பத்தோட பாருங்கன்னு சிபாரிசும் பண்ணியிருந்தேன். அந்தப் பதிவு இன்னும் அப்படியே இருக்கு, அழிக்கப் போறதில்லை. ஆனா அதுல படத்தைப் பத்தி நான் எழுதின முதல் வாக்கியம் இது: “வீடில்லாத ஒரு பையனை ஒரு பணக்காரக் குடும்பம் தத்தெடுத்து, பெரிய விளையாட்டு வீரனாக ஆக்கிய உண்மைக் கதை.”

ஒரே வாக்கியத்துல இரண்டு தப்பு. அவங்க தத்தெடுக்கலை. வீரனாக ஆக்கவும் இல்லை.

முதல் தப்பு 2023 ஆகஸ்ட்ல செய்தியா வந்து உலகத்துக்கே தெரிஞ்சுது. இரண்டாவது தப்பை அந்தப் பையனே 2011-ல் ஒரு புத்தகத்துல எழுதியிருந்தார். நான் படிக்கலை. போன மாசம்தான் படிச்சேன். இந்தப் பதிவு அதுக்கான திருத்தம். கொஞ்சம் நீளம், பொறுத்துக்கோங்க.

பெயரைப் பத்தி ஒரு வார்த்தை. அவர் குடும்பப் பெயரை ‘ஓர்’னு உச்சரிக்கணும். தமிழ்ல அப்படி எழுதினா ‘ஒரு’ன்னு படிச்சுக் குழம்புவீங்க. அதனால மைக்கேல்னே எழுதறேன். புத்தகம் எழுதின இன்னொரு மைக்கேலை லூயிஸ்னு சொல்றேன்.

முதல்ல ஆட்டம்

அமெரிக்கன் ஃபுட்பால் தெரியாதவங்களுக்கு ரொம்பச் சுருக்கமா. பந்தை எறியறவர் குவாட்டர்பேக். அவருக்கு முன்னாடி சுவர் மாதிரி ஐந்து பேர் நிப்பாங்க: நடுவுல சென்டர், அவருக்கு இரண்டு பக்கமும் கார்டு, இரண்டு ஓரத்துலயும் டாக்கிள். இந்த ஐந்து பேர்தான் தாக்கும் அணியின் லைன்மேன்கள். எதிரணி ஆட்கள் பாய்ஞ்சு வந்து குவாட்டர்பேக்கைக் கீழே தள்ளாம, இரண்டரை மூணு செகண்ட் தடுத்து நிறுத்தறது இவங்க வேலை. சாதாரணமா இவங்க பந்தைத் தொடறதில்லை. முன்னால எறியற பந்தைப் பிடிக்க விதிப்படியே அனுமதி கிடையாது.

வலது கைக்காரர் எறியத் தயாராகும்போது உடம்பு வலது பக்கம் திரும்பும், இடது பக்கம் முதுகுக்குப் பின்னால போயிடும். அந்தப் பக்கத்துலேருந்து வர்றவரை அவரால பார்க்க முடியாது. அதுதான் பிளைண்ட் சைட். அதைக் காக்கிறவர் லெஃப்ட் டாக்கிள்.

இந்த விளையாட்டுல எல்லாத்துக்கும் எண்ணிக்கை உண்டு. எத்தனை கஜம் எறிஞ்சார், எத்தனை கஜம் ஓடினார், எத்தனை பிடிச்சார். லைன்மேனுக்கு மட்டும் காலங்காலமா அப்படி ஒண்ணும் கிடையாது. எத்தனை ஆட்டம் ஆடினார்ங்கறது ஒண்ணுதான் கணக்கு. மைதானத்துல அவர் நம்பரை நடுவர் மைக்கில் சொல்றது பெரும்பாலும் அவர் தப்பு பண்ணும்போதுதான். எதிராளியைப் பிடிச்சு இழுத்துட்டார், இல்லைன்னா பந்து கிளம்பறதுக்கு முன்னாடியே அசைஞ்சுட்டார்.

என் தொழில்ல இருக்கறவங்களுக்கு இது உடனே புரியும். ராத்திரி ஓடற பேமென்ட் ஜாப்களைப் பார்த்துக்கிற ஒரு டீம்ல நான் நாலு வருஷம் இருந்தேன். ஆறு மாசம் ஒரு பிரச்சனையும் வராம ஓடினா, ‘உங்க டீம்ல இத்தனை பேர் எதுக்கு?’ன்னு கேப்பாங்க. ஒரு ராத்திரி படுத்துடுச்சுன்னா எல்லாருக்கும் நம்ம பேர் தெரியும்.

லூயிஸின் புத்தகம்

மைக்கேல் லூயிஸ் எழுதிய ‘தி பிளைண்ட் சைட்’ 2006-ல் வந்தது. ‘மணிபால்’ எழுதின அதே லூயிஸ்தான். புத்தகத்துல இரண்டு தண்டவாளம் ஓடுது.

முதலாவது, ஆட்டம் மாறிய வரலாறு. 1985 நவம்பர் 18, திங்கள் இரவு ஆட்டம். நியூயார்க் ஜயன்ட்ஸ் அணியின் லாரன்ஸ் டெய்லர், வாஷிங்டன் குவாட்டர்பேக் ஜோ தைஸ்மன் மேல விழுந்ததுல தைஸ்மனோட வலது கால் எலும்பு முறிஞ்சுது. அதோட அவர் ஆட்ட வாழ்க்கை முடிஞ்சுது. வழக்கமா லெஃப்ட் டாக்கிள் இடத்துல நிக்கிற ஜோ ஜேகபி அன்னிக்குக் காயத்தால ஆடலை. டெய்லர் மாதிரி ஆட்கள் வந்த பிறகு, பில் வால்ஷ் மாதிரி பயிற்சியாளர்கள் பந்தை எறியற ஆட்டத்தைப் பெரிசாக்கின பிறகு, முதுகைக் காக்கிறவரோட விலை ஏறுது. 1993-ல் வீரர்கள் அணி மாறிக்கலாம்ங்கற சுதந்திரம் வந்ததும், இண்டியானாபோலிஸ் கோல்ட்ஸ் அணி வில் வுல்ஃபர்ட்ங்கற லெஃப்ட் டாக்கிளுக்கு மூணு வருஷத்துக்கு 76.5 லட்சம் டாலர் ஒப்பந்தம் கொடுத்தது. அணியின் தாக்குதல் வரிசையில் அவரைவிட யாருக்கும் அதிகச் சம்பளம் இருக்கக் கூடாதுன்னு அதுல ஒரு ஷரத்து வேற.

இந்தப் பகுதி அருமை. யாரும் பார்க்காத வேலைக்கு எப்படி விலை வந்ததுன்னு இவ்வளவு சுவாரசியமா யாரும் எழுதினதில்லை. இதை இப்பவும் சிபாரிசு பண்ணுவேன்.

இரண்டாவது தண்டவாளம் மைக்கேலோட கதை. மெம்ஃபிஸ் நகரம், 1986-ல் பிறப்பு, பன்னிரண்டு பிள்ளைகள்ல ஒருத்தர், போதைப் பழக்கத்துல சிக்கின அம்மா, பெரும்பாலும் சிறையிலயே இருந்த அப்பா. ஊர்க்காரர் டோனி ஹென்டர்சன் தன் மகன் ஸ்டீவனை பிரையர்கிரெஸ்ட்ங்கற கிறிஸ்தவத் தனியார் பள்ளியில சேர்க்கப் போகும்போது இவரையும் கூட்டிட்டுப் போறார். அங்கே ஷான் டூயி, லீ ஆன் டூயி குடும்பத்தோட பழக்கம். அப்புறம் அவங்க வீட்டுலயே வாசம்.

இந்தப் பகுதியில பயிற்சியாளர் பேசறார், ஆசிரியர்கள் பேசறாங்க, டூயி குடும்பம் நிறைய பேசுது. மைக்கேல் பேசறது குறைவு. எல்லாரும் சுத்தி நின்னு விடை கண்டுபிடிக்கிற ஒரு புதிர் மாதிரி அவர் நடுவுல இருக்கார். ஷான் டூயி, லூயிஸோட பள்ளித் தோழர். நியூ ஆர்லியன்ஸ்ல ஒரே பள்ளியில படிச்சவங்க. இதுல மறைவு ஒண்ணும் இல்லை. ஆனா ஒரு கதைக்குள்ள எந்த வாசல் வழியா நுழையறோமோ, அந்த வாசல்ல இருக்கறவங்க குரல்தான் சத்தமா கேக்கும். லூயிஸ் நுழைஞ்சது டூயி வீட்டு வாசல் வழியா.

படம்

2009-ல் வந்த படம் முதல் தண்டவாளத்தை ஏறக்குறைய தூக்கிப் போட்டுடுச்சு. தைஸ்மன் கால் முறிஞ்ச காட்சி மட்டும் ஆரம்பத்துல வரும். மிச்சம் முழுக்க வீட்டுக் கதை. உலகம் பூரா 30 கோடி டாலருக்கு மேல வசூல், சான்ட்ரா புல்லக்குக்கு ஆஸ்கர்.

எனக்கு அப்போ ரொம்பப் பிடிச்ச காட்சி: பயிற்சி நடக்குது. மைக்கேலுக்குத் தடுக்கவே தெரியலை, தயங்கறார். லீ ஆன் குதிகால் செருப்போட மைதானத்துக்குள்ள நடந்து வந்து, ‘இந்த அணிதான் உன் குடும்பம், என்னை எப்படிக் காப்பாத்துவியோ அப்படி இவங்களைக் காப்பாத்து’ங்கற அர்த்தத்துல நாலு வார்த்தை சொல்வாங்க. அடுத்த நிமிஷமே எதிராளிகளைத் தூக்கி எறிய ஆரம்பிச்சுடுவார். இன்னொரு காட்சியில அந்த வீட்டுச் சின்னப் பையன், சாப்பாட்டு மேஜையில சாஸ் பாட்டில்களை வரிசையா வெச்சு ஆட்டத்தைச் சொல்லித் தருவான்.

போன மாசம் என் பொண்ணோட மறுபடி பார்த்தேன். பத்தாவது படிக்கிறா. பாதியில கேட்டா: “அப்பா, இவரு ஏம்பா பேசவே மாட்டேங்கறாரு? இவரு என்ன நினைக்கறாருன்னு ஒரு இடத்துலகூட வரலையே.”

நான் என்னவோ சொல்லிச் சமாளிச்சேன். ஆனா கேள்வி சரியான கேள்வி. அன்னிக்கு ராத்திரியே மைக்கேல் 2011-ல் எழுதின ‘ஐ பீட் தி ஆட்ஸ்’ புத்தகத்தை வாங்கினேன்.

அவரே எழுதியது

அந்தப் புத்தகத்தை அவர் முக்கியமா எழுதினது அரசு காப்பக அமைப்புல வளர்ற குழந்தைகளுக்காக. அதனால ஆட்டத்தைவிடக் குழந்தைப் பருவம்தான் அதிகம். மெம்ஃபிஸ்ல ஹர்ட் வில்லேஜ்ங்கற அரசுக் குடியிருப்பு, அதிகாரிகள் வந்து பிள்ளைகளைப் பிரிச்சு வேற வேற வீட்டுக்குக் கூட்டிட்டுப் போறது, இவர் அங்கேருந்து ஓடி ஓடி அம்மாகிட்டயே திரும்பறது. தன்னைத் தேடித் திரிஞ்ச சமூகப் பணியாளரையே பிற்பாடு சந்திச்சு, அன்னிக்கு என்ன நடந்ததுன்னு கேட்டு எழுதியிருக்கார். தன் வாழ்க்கையோட ஆவணத்தைத் தானே தேடிப் போன ஆள். படத்துல வர்ற ஊமைப் பையனுக்கும் இவருக்கும் ஒட்டவே இல்லை.

படத்தைப் பத்தியும் எழுதியிருக்கார். நாகரிகமாத்தான் எழுதியிருக்கார், ஆனா தெளிவா. சின்ன வயசுலேருந்தே விளையாட்டை ஊன்றிக் கவனிச்சவர் அவர். விளையாட்டுதான் தன்னை அந்த இடத்துலேருந்து வெளியே கொண்டுபோகும்னு முடிவு பண்ணினவர். படத்துல யாரோ பாட்டிலை வெச்சுச் சொல்லித் தர்றதைப் பார்த்து, ‘இது நான் இல்லையே’ன்னு தோணியிருக்கு. தொடர்ச்சியா ஒரு பள்ளியில படிக்க வாய்ப்பே கிடைக்காத பிள்ளையைப் புத்தி குறைஞ்ச பிள்ளையா காட்டிட்டாங்களேங்கற வருத்தமும் இருக்கு.

படத்துக்குச் சில சலுகைகள் உண்டுன்னு நீங்க சொல்லலாம். இரண்டு மணி நேரத்துல வாழ்க்கையைச் சொல்லணும்னா சுருக்கித்தான் ஆகணும். ஒத்துக்கறேன். ஆனா சுருக்கறதுலயும் ஒரு திசை இருக்கு. இந்தப் படத்துல எதை மாத்தினாலும் மைக்கேல் கிட்டேருந்து எடுத்து டூயி குடும்பத்துக்குக் கொடுக்கறதா இருக்கு. ஆட்ட அறிவு அவரோடது, அது லீ ஆனுக்கும் அந்தச் சின்னப் பையனுக்கும் போயிடுச்சு. பள்ளியில கொண்டுபோய் விட்டது டோனி ஹென்டர்சன், நடுவுல படுக்க இடம் கொடுத்தது வேற வேற குடும்பங்கள். அவங்க எல்லாரும் இரண்டொரு நிமிஷத்துல சுருங்கிட்டாங்க, இல்லைன்னா காணாமலே போயிட்டாங்க.

சரி, முதல் தப்புக்கு வர்றேன். அந்தப் புத்தகத்துலயே ஒரு சின்னப் பகுதி இருக்கு. டூயி தம்பதி சட்டப்படி தன்னோட ‘கன்சர்வேட்டர்’ ஆனாங்கன்னு எழுதறார். அது தத்தெடுத்த பெற்றோருக்குக் கிட்டத்தட்ட அதே அர்த்தம்தான், தன் வயசைக் கணக்குல வெச்சுச் சட்டம் அப்படி எழுதப்பட்டிருக்குன்னு அவங்க தனக்கு விளக்கினதாவும் எழுதறார்.

2011-ல் அச்சாகி, யார் வேணா காசு கொடுத்து வாங்கக்கூடிய புத்தகத்துல இருந்த வரிகள் இவை. தத்து வேற, கன்சர்வேட்டர்ஷிப் வேற. தத்தெடுத்தா மகன். கன்சர்வேட்டர்ஷிப்னா, பொதுவா உடம்பாலயோ மனசாலயோ தன் காரியத்தைத் தானே பார்த்துக்க முடியாத பெரியவருக்காக, இன்னொருத்தர் முடிவெடுக்க நீதிமன்றம் கொடுக்கிற அதிகாரம். மைக்கேலுக்கு அப்போ 18 வயசு, அப்படி எந்தக் குறையும் கிடையாது.

2023 ஆகஸ்ட்ல மைக்கேல் டென்னசியில் நீதிமன்றத்துக்குப் போனார். தன்னைத் தத்தெடுக்கவே இல்லை, தன் பேர்ல ஒப்பந்தம் போடற அதிகாரத்தைத்தான் வாங்கிக்கிட்டாங்க, படத்தால தனக்குப் பணமும் வரலைங்கறது அவர் குற்றச்சாட்டு. டூயி குடும்பம் மறுத்தது. கல்லூரி விளையாட்டு விதிகளுக்காகத்தான் அந்த ஏற்பாடு, வந்த பணத்தைச் சமமாப் பிரிச்சுக்கிட்டோம்னு சொன்னாங்க. செப்டம்பர் கடைசியில நீதிபதி கேத்லீன் கோம்ஸ் அந்தக் கன்சர்வேட்டர்ஷிப்பை முடிவுக்குக் கொண்டுவந்தார். இப்படி ஒரு ஏற்பாடு நடந்திருக்குங்கறதே தன்னைச் சங்கடப்படுத்துதுன்னும் சொன்னார். பணக் கணக்குல யார் பக்கம் நியாயம்னு நான் தீர்ப்பு சொல்லப் போறதில்லை. 2011 புத்தகத்து வரிகளும் இரண்டு பக்கமும் வெட்டும்: ‘அவருக்கு அப்பவே தெரியும்’னு ஒரு பக்கம் சொல்லலாம், ‘என்ன சொல்லி விளக்கியிருக்காங்க பாருங்க’ன்னு இன்னொரு பக்கம் சொல்லலாம்.

என் கேள்வி வேற. அந்த வரிகள் பன்னிரண்டு வருஷம் கண்ணு முன்னாடி இருந்தது. படத்தைப் பார்த்த கோடிக்கணக்கான பேர்ல, அதைப் பத்தி எழுதின என்னை மாதிரி ஆயிரக்கணக்கான பேர்ல, எத்தனை பேர் அந்த ஆளே எழுதினதை எடுத்துப் பார்த்தோம்? எனக்கு அது தோணவே இல்லை. அவர் கதைதான் எனக்கு ஏற்கெனவே தெரியுமேங்கற நினைப்பு.

படம் முடிஞ்ச பிறகு

படம் முடியற இடம் 2009 டிராஃப்ட். முதல் சுற்றுல 23-வது ஆளா பால்டிமோர் ரேவன்ஸ் அவரை எடுக்கறாங்க. கைத்தட்டல், சுபம். ஒரு லைன்மேனோட வேலை ஆரம்பிக்கறதே அங்கேதான்.

ரேவன்ஸ்ல ஐந்து சீசன். 80 லீக் ஆட்டம், 80-லயும் ஆரம்பத்துலேருந்தே களத்துல. ஒண்ணுகூட விடலை. அப்புறம் டென்னசி டைட்டன்ஸ்ல 11, கரோலினா பேந்தர்ஸ்ல 19. மொத்தம் 110. எட்டு சீசன்.

இதுல ஒரு வேடிக்கை. ரேவன்ஸ் அவரை நிரந்தரமா இடது பக்கம் நிறுத்தவே இல்லை. வலது, இடது, மறுபடி வலதுன்னு மாத்திக்கிட்டே இருந்தாங்க. கேக்கறதுக்குச் சின்ன விஷயம். ஆனா டாக்கிளுக்கு அது இடது கையால எழுதச் சொல்ற மாதிரி. எந்தக் கால் பின்னால போகணும், எந்தக் கை முதல்ல நீளணும், எடை எந்தப் பக்கம், எல்லாம் கண்ணாடியில பார்க்கற மாதிரி தலைகீழ். 140 கிலோவுக்கு மேல உள்ள உடம்பு பின்னோக்கி நகர்ந்துக்கிட்டே முன்னால வர்றவரைத் தடுக்கணும். 2013 பிப்ரவரியில ரேவன்ஸ் 34–31-ன்னு சூப்பர் பவுல் ஜெயிச்சாங்க. உலகத்துக்கு ‘பிளைண்ட் சைட்’ ஆளா தெரிஞ்சவர் அந்த வெற்றியில நின்னது வலது பக்கம்.

அந்த பிளேஆஃப் சுற்றுல குவாட்டர்பேக் ஜோ ஃப்ளாக்கோ 11 டச்டவுன் எறிஞ்சார். ஒரு பந்துகூட எதிரணி கையில சிக்கலை. அந்தக் கணக்கு ஃப்ளாக்கோ பேர்ல இருக்கு. அவர் எறியறதுக்கு நேரம் வாங்கித் தந்த ஐந்து பேரோட கணக்கு எங்கேயும் இல்லை. அந்தப் பெரிய ஆட்டத்துக்கு முன்னாடி நிருபர்கள் மைக்கேல்கிட்ட கேட்டது படத்தைப் பத்தி. அலுத்துப் போச்சுன்னு வெளிப்படையாவே சொன்னார். படத்தை வெச்சு ஜனங்க தன் ஆட்டத்தைக் குறைச்சு மதிப்பிடறாங்கன்னு பிற்பாடு வருத்தப்பட்டார்.

2015-ல் பேந்தர்ஸ் அவரை இடது பக்கம் நிறுத்தினாங்க. கேம் நியூட்டனோட முதுகு அவர் பொறுப்பு. லீக்ல 15 வெற்றி, ஒரே தோல்வி. நியூட்டன் அந்த வருஷத்தோட சிறந்த வீரர். டென்வர்கிட்ட 24–10-ன்னு தோத்த சூப்பர் பவுல்ல, வான் மில்லர் இரண்டு தடவை நியூட்டன் கையிலேருந்து பந்தைத் தட்டிவிட்டார். இரண்டு தடவையும் அவர் வந்தது வலது பக்கமா. நியூட்டன் கண்ணுக்கு நேரா இருந்த பக்கம்.

அடுத்த சீசன்ல மூணு ஆட்டம் ஆடினார். தலையில அடி. மூளை அதிர்ச்சி குணமாகலை. 2017 ஜூலையில அணி அவரை விடுவிச்சுது. அதுதான் கடைசி. லைன்மேன்களுக்கு ஒவ்வொரு தடவை பந்து கிளம்பும்போதும் மோதல்தான். பிட்ஸ்பர்க் ஸ்டீலர்ஸ்ல நாலு சூப்பர் பவுல் ஜெயிச்ச சென்டர் மைக் வெப்ஸ்டர், 2002-ல் 50 வயசுல இறந்தார். தொடர் அடியால வர்ற சி.டி.இ.ங்கற மூளை நோய் என்.எஃப்.எல். வீரர்கள்ல முதல்ல கண்டுபிடிக்கப்பட்டது அவரோட மூளையிலதான். அன்பான குடும்பம் கிடைச்சா எல்லாம் சரியாயிடும்னு முடியற படத்துல இதுக்கெல்லாம் இடம் இல்லை.

திருத்தம்

டூயி வீட்டுல அன்பே இல்லைன்னு நான் சொல்ல வரலை. மைக்கேலோட 2011 புத்தகத்துலயே அந்த அன்புக்கு நன்றி இருக்கு. வழக்கு வந்துட்டதால பழைய நன்றி பொய்யாகிடாது. ஆனா அன்பு காட்டினவங்க கதையும், அன்பு வாங்கினவர் கதையும் ஒண்ணு இல்லை. நாம இத்தனை வருஷம் ஒண்ணை வெச்சுக்கிட்டு அதுதான் இரண்டும்னு நினைச்சோம்.

படம் நல்ல நடிப்பு இருக்கற, ஓட்டமா போற படம். இப்பவும் பார்க்கலாம். ஆனா உண்மைக் கதைன்னு பார்க்காதீங்க. லூயிஸ் புத்தகத்துல ஆட்ட வரலாற்றுப் பகுதிக்காகக் கண்டிப்பா படிங்க. ஒண்ணே ஒண்ணு படிக்க நேரம் இருந்தா மைக்கேலோட புத்தகம். நடை சாதாரணம்தான், லூயிஸ் மாதிரி மயக்காது. ஆனா அதுல அந்த ஆள் பேசறார்.

2010 பதிவோட தலைப்புக்குக் கீழே இந்த வாக்கியத்தை இன்னிக்குச் சேர்த்துட்டேன்: “மைக்கேல் தத்தெடுக்கப்படவில்லை; அவர் ஆட்டத்தைக் கற்றது அவருடைய சொந்த உழைப்பில். இந்தப் பதிவை எழுதும்போது அவர் பக்கத்தை நான் படித்திருக்கவில்லை.”

பொண்ணுகிட்ட காட்டினேன். “நீ அப்போ கேட்டிருக்கணும்பா”ன்னா. ஆமா, கேட்டிருக்கணும்.